சுவிட்ச் வைக்காத அண்ணாச்சி

திருநெல்வேலி ஜில்லாவிலேயே சுவிட்சைக் கண்டு பயந்த ஒரே மனிதர் எங்கள் நிக்காத அண்ணாச்சிதான். தச்சநல்லூரில் மோட்டார் காயில் கட்டும் கடை. கடை பல்புக்குக்கூட சுவிட்ச் கிடையாது. கடை சாத்தும்போது துண்டைக் கையில் சுற்றிக்கொண்டு, சுடச்சுட பல்பைத் திருகிக் கழற்றுவார்.

காரணம், அவர் ஒரு மெஷின் செய்துகொண்டிருந்தார். மோட்டார் டைனமோவைச் சுற்றும். டைனமோவில் வரும் கரண்ட் அந்த மோட்டாருக்கே போகும். ஒருதடவை தள்ளிவிட்டால் போதும், காலாகாலத்துக்கும் ஓடும். அதனால்தான் அந்தப் பெயர். உண்மைப் பெயர் தெருவில் யாருக்கும் தெரியாது.

எதிர்த்த டீக்கடை மாமா தினமும் வம்புக்கு இழுப்பார்.

"ஏன்வே, நிக்காத மெஷினை நிப்பாட்டணும்னா என்னவே செய்வீரு?"

"நிப்பாட்ட முடிஞ்சா அது நிக்காத மெஷினாவே?"

"அப்பம் அது பாட்டுக்குச் சுத்திக்கிட்டே கெடந்தா?"

"அதான்வே சுவிட்ச் வைக்கல."

மாமா சிரிப்பார். எனக்குச் சிரிப்பு வராது. எட்டாவதோடு படிப்பை விட்டவள் நான். அண்ணாச்சி கடைக்கும் எங்கள் வீட்டுக்கும் ஒரே சுவர். அது உண்மையிலேயே ஓடிவிட்டால் யார் நிறுத்துவது? சுவரைத் துளைத்துக்கொண்டு வந்து அடுப்படியில் சுற்றினால்?

ஒருநாள் ஓடியது. ஊர் கூடி நிற்க, அண்ணாச்சி சாமி கும்பிட்டுவிட்டுச் சக்கரத்தைத் தள்ளினார். கடகடவென்று சுற்றியது. நான் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு வாசலுக்கு ஓடிவிட்டேன். நாலாவது நிமிஷம் பெல்ட் அறுந்து, தெருவைத் தாண்டிப் பறந்து, மாமாவின் பால் சட்டிக்குள் போய் விழுந்தது.

"வே, உம்ம மெஷின் நின்னுட்டு!" என்றார் மாமா, முகத்தில் பால் வழிய.

"மெஷின் நிக்கலவே, பெல்ட்டுதான் போயிட்டு."

எனக்கு அதைவிடப் பெரிய பயம் ஒன்று உண்டு. அம்மாவுக்கு இளைப்பு. மூச்சு முட்டினால் புகை மருந்து வைக்கிற சின்ன மெஷினைப் போடவேண்டும். அது கரண்டில் ஓடுவது. மாவு மில்லில் நான் வேலையில் இருக்கும்போது கரண்ட் போனால், மில் நிற்கும் சத்தம் கேட்டதுமே மாவுக் கையோடு வீட்டுக்கு ஓடுவேன். ஒரு மத்தியானம் அப்படி ஓடிவந்தபோது அம்மாவின் உதடு நீலம் பாரித்திருந்தது. தெருவில் நின்று கத்தினேன். அண்ணாச்சிதான் ஆட்டோ பிடித்து வந்தார். அம்மா பிழைத்து வீடு திரும்பினாள்.

எட்டாம் நாள் ஒரு மரப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தார். பச்சைப் பெயின்ட்கூடக் காயவில்லை.

"ஏட்டி, நிக்காத மெஷின் ஓடிட்டு! இனிமே கரண்டு போனா இதுல சொருகு. இது தீரவே தீராது."

"வெடிக்குமா அண்ணாச்சி?"

"வெடிக்காது. தெறக்க மட்டும் செய்யாத. செவ்வாய்க்கெழம செவ்வாய்க்கெழம நான் வந்து தூக்கிட்டுப் போவேன். அதுக்கும் ஓய்வு வேணும்லா?"

"நிக்காத மெஷினுக்கு எதுக்கு ஓய்வு?"

"நீ ஞாயித்துக்கெழம மில்லுக்குப் போவியா?"

"மாட்டேன்."

"அப்பம் அதுக்கு மட்டும் ஆசை இருக்காதாக்கும்?"

பல நாள் அந்தப் பெட்டிக்கு முதுகு காட்டி உட்காரவே பயந்தேன். ஆனால் கரண்ட் போனால் ஓடிவருவது நின்றது. தீராத ஒன்று வீட்டில் இருக்கிறதே. ஒன்றுதான் விளங்கவில்லை. இவ்வளவு பெரிய வெற்றியை அண்ணாச்சி டீக்கடையில் சொல்லவே இல்லை. மாமா பழையபடி கேலி செய்வார், இவர் தலையைக் குனிந்து காயில் கட்டுவார்.

போன மாதம் கடையில் காயில் கட்டிக்கொண்டிருந்தவர் அப்படியே சாய்ந்தார். நெஞ்சுவலி. பதினாறாம் நாள் காரியமும் முடிந்துவிட்டது. செவ்வாய்க்கிழமைகள் வந்தன. பெட்டியைத் தூக்க யாரும் வரவில்லை.

ஒரு மழை மத்தியானம் கரண்ட் போனது. அம்மாவுக்கு மருந்து பாதி ஓடும்போது பெட்டி கீ, கீ என்று கத்தியது. வெடிக்கப்போகிறது என்றே நினைத்தேன். உள்ளே நிறுத்த வழி இருக்குமா என்று, கண்ணை மூடிக்கொண்டு பின்பலகையைப் பிடுங்கினேன்.

உள்ளே டைனமோ இல்லை, சக்கரம் இல்லை. ஒரு பேட்டரி, ஒரு குட்டி இன்வெர்ட்டர். பேட்டரி மேல் சாக்பீஸில் அவர் கையெழுத்து: "செவ்வாய் சார்ஜ்".

மருந்து முடியும்வரை எப்படியோ தாக்குப்பிடித்தது. அம்மா முகமூடியைக் கழற்றினாள்.

"பாத்துட்டியா?"

"ஒனக்குத் தெரியுமாம்மா?"

"கொண்டாந்த அன்னைக்கே எங்கிட்ட சொல்லிட்டாரு. 'பேட்டரின்னு சொன்னா, எப்பம் தீரும் எப்பம் தீரும்னு அதுக்கும் சேத்துல்லா அந்தப் புள்ள பயப்படும். தீராதுன்னே இருக்கட்டும் தாயி'ன்னாரு."

தன் மெஷினுக்குப் பேட்டரி வேண்டும் என்று யாராவது சொன்னாலே சண்டைக்கு வரும் மனிதர் அவர்.

இன்றைக்குச் செவ்வாய். நானே சார்ஜ் போடுகிறேன். புதிதாக வாங்கிய சார்ஜரில் ஒரு சிவப்பு சுவிட்ச் இருக்கிறது. அதைத் தட்டுவதற்கு முன்னால், அண்ணாச்சி பார்த்துவிடக் கூடாதே என்று வாசலை ஒருதடவை எட்டிப் பார்த்துக்கொள்கிறேன்.