மூன்றாவது மாடிக்கு இரண்டு பார்ட்டி

"சார், அந்த நாற்காலியில உட்காராதீங்க. அது உட்கார்றதுக்கு இல்ல."

டிரில் மாஸ்டர் பாதி உட்கார்ந்த நிலையில் அப்படியே நின்றார். பள்ளிக்கூட மைதானத்தில் காலமெல்லாம் பிள்ளைகளை உட்கார், எழு என்று ஆட்டிவைத்தவர். இன்று அவரை ஆட்டிவைக்க ஒருத்தி வந்துவிட்டாள்.

"உட்கார்றதுக்கு இல்லாம, பின்ன நாற்காலி எதுக்கும்மா?"

"பார்க்கிறதுக்கு. பின்னங்கால் ஒண்ணு வெறும் பசையிலதான் நிக்குது. ஆனா கலரைப் பாருங்க, என்ன அம்சம்!"

விற்பனைக்கு வரும் வீடுகளைச் சோடித்துக் கொடுப்பது அவள் தொழில். டெக்கரேட்டர் என்று புரோக்கர் அனுப்பிவைத்த பெண். சோபா, திரைச்சீலை, பூச்சாடி எல்லாம் அவள் வாடகைக்குக் கொண்டுவந்தவை. வீட்டுக்குச் சொந்தமாக அங்கே மிச்சம் இருந்தது சுவரும் மாஸ்டரும்தான்.

வீடு மூன்றாவது மாடி. லிஃப்ட் கிடையாது. மாஸ்டருக்கு அது ஒரு பொருட்டே இல்லை, இரண்டிரண்டு படியாகத் தாவி ஏறுவார். ஆனால் அவர் மனைவியின் முட்டி இரண்டும் போன வருடம் கைவிரித்துவிட்டன. டாக்டரிடம் போவதற்கு மட்டும் அவர் தோளைப் பிடித்துக்கொண்டு இறங்குவாள். மற்றபடி காய்கறி பேரம்கூட பால்கனியிலிருந்துதான். கூடையைக் கயிற்றில் இறக்கிவிட்டு, "வெண்டைக்காயை ஒடிச்சுக் காட்டுப்பா!" என்பாள். வண்டிக்காரர் ஒடிப்பார். "சத்தம் இங்க கேட்கலையே, முத்தலா?" என்பாள்.

"ஒரு நாளாவது கீழ நின்னு என் கையால பொறுக்கி வாங்கணுங்க" என்று அவள் சொன்னது மாஸ்டர் நெஞ்சில் தைத்துவிட்டது. அலைந்து திரிந்து, இரண்டு தெரு தள்ளித் தரைத்தளத்தில் ஒரு வீடு பார்த்துவிட்டார். வாசலில் ஒரே ஒரு படி. அந்த வீட்டுக்காரர் தங்கமான மனிதர், இந்த வாரக் கடைசிவரை பொறுப்பதாகச் சொல்லியிருந்தார். அதற்குள் மூன்றாவது மாடி விற்றாக வேண்டும். இல்லையென்றால் கூடையும் கயிறும்தான் கதி.

வந்தவர்கள் என்னவோ நிறையப் பேர். மூச்சிரைக்க ஏறி வருவார்கள். ஹால் முழுக்கக் கோப்பை, கேடயம், கர்லாக்கட்டை, எடைக்கல். அதைப் பார்த்ததும் மிச்ச மூச்சும் போய்விடும். தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு இறங்கிப்போவார்கள்.

"சார், நீங்க வீட்டை விக்கிறீங்களா, ஸ்டேடியத்தை விக்கிறீங்களா?" என்று புரோக்கர் கேட்டுவிட்டுத்தான் இந்தப் பெண்ணை அனுப்பினார்.

அவள் வந்த வேகத்தில் கோப்பைகளையெல்லாம் அட்டைப்பெட்டிகளில் போட்டாள். பெட்டிகளை வரிசையாக அடுக்கினாள். மேலே ஒரு மெத்தை, அதன்மேல் வெள்ளை வெளேரென்று ஒரு விரிப்பு.

"கட்டில்" என்றாள்.

"இதுல படுக்கலாமா?"

"பார்க்கலாம்."

"அப்ப நாங்க எங்கம்மா படுக்கிறது?"

"ரெண்டு நாள்தானே சார்? வீட்டுல யாரும் குடியிருக்கிற மாதிரியே தெரியக்கூடாது. ஆனா குடியிருக்கணும்னு ஆசை வரணும். அதுதான் எங்க தொழிலே."

அடுப்பு பற்றவைக்கக் கூடாது, துணி காயப்போடக் கூடாது, சோபாவில் சாயக் கூடாது. மனைவி எதிர் வீட்டு அம்மாவிடம் அடைக்கலம் புகுந்தாள். பசி தாங்காத மாஸ்டர், மேஜைமேல் பளபளவென்று இருந்த ஆப்பிளை எடுத்து ஒரு கடி கடித்தார். பிளாஸ்டிக். கடித்த பக்கத்தைச் சுவர்ப்பக்கமாகத் திருப்பிவைத்துவிட்டு, ஒன்றும் தெரியாதவர்போல் ஜன்னலைப் பார்த்தார்.

ஆனால் எல்லாம் முடிந்து விளக்குகளைப் போட்டபோது அவர் ஹாலை மூன்று தடவை சுற்றிச் சுற்றி வந்தார். எதிர் வீட்டிலிருந்து சுவரைப் பிடித்துக்கொண்டு வந்து பார்த்த மனைவி, வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"என்னங்க, நம்ம வீடு இவ்ளோ அழகா? இத்தனை வருஷமா என்கிட்ட சொல்லவே இல்லையே!"

"எனக்கே இப்பத்தானே தெரியுது!" என்றார் மாஸ்டர். டெக்கரேட்டரைப் பார்த்துக் கைகூப்பினார். "நீ நல்லா இருக்கணும்மா. பெத்த பொண்ணுகூட இப்படிச் செய்யாது."

"நன்றியெல்லாம் அப்புறம் சார். பார்ட்டி வரும்போது நீங்க இங்க இருக்கக்கூடாது. ஓனர் பக்கத்துல நின்னா, வந்தவங்க அலமாரியைத் திறக்கக் கூச்சப்படுவாங்க. தெருக்கோடிக்குப் போயிடுங்க."

மறுநாள் மாலை ஐந்து மணிக்குப் பார்ட்டி. மாஸ்டர் நாலரைக்கே ஷூ மாட்டிக்கொண்டு தயார். கிளம்புவதற்கு முன், திரைச்சீலை காற்றில் ஆடும் அழகை ஒரே ஒரு தடவை பார்த்துவிடலாமென்று பால்கனிக்குப் போனார். பார்த்தார், ரசித்தார், ரசித்துக்கொண்டே நின்றார். கீழே காரை விட்டு மூன்று பேர் இறங்கி, யாரிடமோ வழி கேட்டுக்கொண்டிருந்ததைக்கூட அவர் கவனிக்கவில்லை.

"ஐயோ சார்! வந்துட்டாங்க! படியேறிட்டாங்க!"

இருப்பது ஒரே மாடிப்படி. மாஸ்டர் குளியலறைக்கு ஓடினார்.

"அங்க வேணாம்! முதல்ல அதைத்தான் பார்ப்பாங்க!"

பீரோவுக்கு ஓடினார்.

"அதுக்குப் பின்பக்கமே கிடையாது!"

அழைப்பு மணி அடித்தது. டெக்கரேட்டர் அவர் கையைப் பிடித்து ஹாலுக்கு இழுத்துவந்து நிறுத்தினாள். "நீங்களும் வீடு பார்க்க வந்தவர். இன்னொரு பார்ட்டி. புரிஞ்சுதா? வாயே திறக்காதீங்க."

வந்தவர்கள் ஓர் ஆடிட்டர், அவர் மனைவி, கூட ஆடிட்டருடைய அத்தை. மனைவி பல் டாக்டர். அத்தை நல்ல கனமான உடம்பு. மூன்று மாடி ஏறிய களைப்பில், உள்ளே நுழைந்ததும் யாரையும் கேட்காமல் அந்த அம்சமான நாற்காலியில் தொப்பென்று அமர்ந்துவிட்டார்.

டெக்கரேட்டர் ஒரே பாய்ச்சலில் நாற்காலிக்குப் பின்னால் போய், பசைக்காலைத் தன் முழங்காலால் முட்டுக்கொடுத்து நின்றாள். முகத்தில் மட்டும் புன்னகை.

"வீட்டைச் சுத்திக் காட்டுறீங்களா?" என்றார் ஆடிட்டர்.

"அது... நான்... இங்கிருந்தே சொல்றேனே" என்றாள் அவள், பல்லைக் கடித்தபடி.

மாஸ்டரால் பொறுக்க முடியவில்லை. "வாங்க, நான் காட்டுறேன். நானும் பார்க்கத்தான் வந்தேன், கொஞ்சம் முன்னாடி வந்துட்டேன்."

சமையலறையில் குழாயை லேசாகத் தூக்கி, வலப்பக்கம் ஒரு தட்டு தட்டித் திறந்தார். தண்ணீர் சீறிக்கொண்டு வந்தது.

"இப்படித்தான் திறக்கணும்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார் ஆடிட்டர்.

"குழாயைப் பார்த்தாலே தெரிஞ்சிடும் சார்."

"இந்தச் சுவத்துல ஈரம் கசியுமோ?"

"சேச்சே! போன மழைக்கு முன்னாடியே நான் ஆளை வெச்சு..." மாஸ்டர் அவசரமாகச் சுவரைத் தடவினார். "...ஆளை வெச்சுச் சரி பண்ணியிருப்பாங்க. பூச்சைப் பார்த்தாலே தெரியுது."

பல் டாக்டர் இதற்குள் ஆப்பிளைக் கையில் எடுத்திருந்தார். திருப்பினார். தொழில் புத்தி போகுமா?

"யாரோ கடிச்சிருக்காங்க. பெரியவங்க பல்லு. மேல் வரிசையில ஒண்ணு கோணல்."

அந்த நிமிடத்திலிருந்து மாஸ்டர் உதட்டைத் திறக்காமல், தன் புதர் மீசைக்குள்ளேயே பேச ஆரம்பித்தார். படுக்கையறையில் ஆடிட்டர் மெத்தையை அழுத்திப் பார்க்க, உள்ளே கடகடவென்று கோப்பைகள் சரிந்தன.

"கட்டிலுக்குள்ள என்ன சத்தம்?"

"ம்ப்ரிங்" என்றார் மாஸ்டர்.

"ஸ்பிரிங்கா?"

"ம்ம்."

ஆடிட்டர் ஜன்னல் பக்கம் போனார். "வீட்டுக்காரங்க எப்படிப்பட்டவங்க, உங்களுக்கு எதாவது தெரியுமா? ஏன் விக்கிறாங்க?"

அங்கேதான் மாஸ்டர் மோசம் போனார். வாயை மூடிக்கொண்டு சொல்லக்கூடிய சங்கதியா அது?

"அந்தம்மாவுக்கு முட்டி வலி சார். படி ஏற முடியல. அதுக்காகத்தான் போறாங்க, வீட்டு மேல ஒரு குறையும் இல்ல. இந்த ஜன்னலைப் பாருங்க. வெயில் காலத்துலயும் ஃபேன் வேணாம், அப்படிக் காத்து. குழந்தைக்கு ஜுரம்னா ராத்திரி முழுக்க இங்கதான் தூக்கி வெச்சுக்கிட்டு நிப்பா... நின்னிருப்பாங்க. வேலையில பிரச்சனை, கையில ஒண்ணுமில்ல, எந்த நிலைமையில வந்து கதவைத் தட்டினாலும் இந்த வீடு வாடான்னு உள்ள கூப்பிட்டுக்கும். மூணு மாடி ஏறணும், மறைக்கல, உங்களுக்கும் வயசாகும். ஆனா இதை விட்டுட்டுப் போறவங்களுக்கு மனசே இருக்காது சார்!"

"அப்படின்னா நீங்க வாங்கப்போறீங்களா?" என்று கேட்டார் ஆடிட்டர்.

"பின்ன? விட்டுடுவேனா?"

"நாங்க இன்னைக்கே அட்வான்ஸ் குடுக்கலாம்னு இருக்கோமே."

"நான் இப்பவே குடுக்கிறேன்!" மாஸ்டர் மைதானத்தில் கத்துவதுபோல் கத்தினார். "யார் வந்தாலும் சரி, இந்த வீடு எனக்குத்தான்!"

ஹாலில் டெக்கரேட்டரின் முழங்கால் நழுவியது. நாற்காலி ஒரு பக்கமாகச் சாய, அத்தை எப்படியோ சமாளித்து எழுந்துகொண்டார். மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். "சொல்லி அனுப்புறோம்" என்று ஆடிட்டர் சொன்னார். படியிறங்கிப் போய்விட்டார்கள்.

"சார்" என்றாள் டெக்கரேட்டர், தரையில் உட்கார்ந்தபடி. "என் சர்வீஸ்ல, ஓனரே போட்டிக்கு நின்னு பார்ட்டியை விரட்டினது இதுதான் முதல் தடவை."

எதிர் வீட்டிலிருந்து மனைவி ஆவலாக வந்தாள். "என்னங்க, என்ன சொன்னாங்க? பிடிச்சிருக்காமா?"

"வித்தாச்சு" என்றார் மாஸ்டர் ஈனசுரத்தில்.

"யாருக்கு?"

"எனக்கு."

விஷயம் முழுவதையும் கேட்டபோது அவளுக்கு முதலில் கோபம் வந்தது. பிறகு சிரிப்பு வந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வரும்வரை சிரித்தாள். மாஸ்டர் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு நின்றார்.

"அந்த ஜன்னல்கிட்ட நின்னதும் என்னவோ ஆயிடுச்சும்மா. இந்த வீட்டுக்கு ஒரு நாளாவது நன்றி சொல்லியிருக்கோமா நாம? விட்டுட்டுப் போறவங்க மேல எனக்குக் கோவமே வந்துடுச்சு. அது நாமதாங்கிறது மறந்தே போச்சு."

"போகட்டும் விடுங்க. கூடை இருக்கு, கயிறு இருக்கு." அவள் அவர் தோளைப் பிடித்துக்கொண்டாள். "பிடிச்சுக்கிறதுக்கு இந்தத் தோள் இருக்கு. எனக்கு என்ன குறை?"

அவள் அப்படிச் சொன்னதுதான் மாஸ்டரை உடைத்துவிட்டது. அன்றிரவு அவர் ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை.

மறுநாள் காலையில் புரோக்கரிடமிருந்து போன்.

"சார், அசத்திட்டீங்க! ஆடிட்டருக்கு வீடு ஓகே. பேசின விலைக்கே! சாயங்காலம் அட்வான்ஸோட வர்றாங்க. வேற ஏதோ பார்ட்டி கண்ணு வெச்சிருக்காமே, சீக்கிரம் முடிக்கணுமாம்!"

மாஸ்டர் குதித்த குதியில் கட்டில் மறுபடியும் கடகடத்தது. மறு நிமிடமே முகம் வெளிறிவிட்டது. சாயங்காலம் ஓனராகப் போய் எந்த முகத்தோடு உட்காருவது? ஏமாற்றுக்காரன் என்று எழுந்து போய்விட மாட்டார்களா?

"ஓனரோட அண்ணன்னு சொல்லிடலாம் சார். உருவ ஒற்றுமை" என்றாள், சாமான்களை எடுத்துப்போக வந்திருந்த டெக்கரேட்டர்.

"பேசாம உண்மையைச் சொல்லுங்க" என்றாள் மனைவி.

மாஸ்டர் இரண்டையும் கேட்கவில்லை. குளியலறைக்குள் போய் மீசையை மழித்துவிட்டார். வெளியே வந்தபோது மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். இத்தனை வருடம் மீசைக்குள் ஒளிந்திருந்த கோணல் பல், இப்போது அவருக்கு முன்னால் வந்து நின்றது.

சாயங்காலம் வந்தார்கள். பல் டாக்டர் அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு, உதட்டைக் கடித்துக்கொண்டு வேறு பக்கம் திரும்பினார். அத்தைக்கு எதிர் வீட்டிலிருந்து வாங்கிவந்த, நிஜமாகவே உட்காரக்கூடிய நாற்காலி. ஆடிட்டர் பணத்தை எடுத்து மாஸ்டர் மனைவியின் கையில் கொடுத்தார். அவள் அதை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். அவ்வளவுதான், மாஸ்டரால் அதற்குமேல் நடிக்க முடியவில்லை.

"என்னை மன்னிக்கணும்" என்று எழுந்து நின்று கைகூப்பினார். "நேத்துப் போட்டிக்கு நின்ன ஆள் நான்தான். ஆனா இந்த வீட்டைப் பத்திச் சொன்னதுல ஒரு வார்த்தை பொய் இல்ல. உங்களுக்கு நாங்க ஜென்மத்துக்கும் கடமைப்பட்டிருக்கோம். இந்தப் பொண்ணுக்கும்தான். இந்தத் திரைச்சீலை, இந்தச் சோபா, இந்த அலங்காரம் எல்லாம் இல்லேன்னா நீங்க திரும்பிக்கூடப் பார்த்திருப்பீங்களா?"

"எல்லாம் கலர் செலக்‌ஷன்தான் சார்" என்றாள் டெக்கரேட்டர், அடக்கமாகத் தலையைக் குனிந்து.

அத்தை தண்ணீர் டம்ளரைக் கீழே வைத்தார்.

"அலங்காரம் கிடக்கட்டும் தம்பி. கீழ வழி கேட்டப்பவே, பால்கனியில நிக்கிறவர்தான் ஓனர்னு கை காட்டிட்டாங்க. வேற பார்ட்டி இருக்குன்னு புரோக்கர்கிட்ட சொன்னதும் சும்மா உங்களைச் சீண்டத்தான். ஊர்ல உள்ள ஓனரெல்லாம் எப்படா இதை எங்க தலையில கட்டலாம்னு நிக்கிறப்ப, தன் சொந்த வீட்டையே அட்வான்ஸ் குடுத்து வாங்க மல்லுக்கு நிக்கிற ஓனரைப் பார்த்த பிறகும் வாங்காமப் போறதுக்கு எங்களுக்கென்ன பைத்தியமா?"