ஒரு சொட்டுகூட விழாத நாள்

ரயிலிலிருந்து இறங்கிய ஒரே பயணியைப் பார்த்ததும் இசோபே ஒரு தடவை வானத்தைப் பார்த்துக்கொண்டான்.

வானத்தில் துண்டு மேகம் கிடையாது. காலை வெயில் தண்டவாளத்தில் பட்டுக் கண்ணைக் கூசவைத்தது. அந்த வெயிலில் முழங்கால்வரை ரப்பர் பூட்ஸ், கையில் நீளக் குடை, தோளில் மடித்துப் போட்ட மழைக்கோட்டு என்று ஒரு பெரியவர் ஸ்டேஷன் வாசலில் வந்து நின்றார். அன்றைக்கு இசோபே காரில் அழைத்துப் போய் மலைக்கோயில்களையும் காட்டையும் சுற்றிக் காட்டவேண்டிய குவாஜிமா இவர்தான்.

விஷயம் தெரிந்துதான் வந்திருக்கிறார் என்று இசோபே நினைத்துக்கொண்டான்.

விஷயம் என்னவென்றால், இசோபே ஒரு மழைக்காரன். எங்கள் பக்கத்தில் இப்படிச் சிலர் உண்டு. அவர்கள் வந்தால் பள்ளி விளையாட்டு விழா நனையும், கல்யாண ஃபோட்டோவைக் குடைக்கு அடியில் எடுக்கவேண்டி வரும். அதற்காக யாரும் திட்டமாட்டார்கள். சிரித்துக்கொண்டே அடுத்த முறை கூப்பிடாமல் விட்டுவிடுவார்கள். வேறு தொழிலாக இருந்தால் இதோடு எப்படியோ காலத்தை ஓட்டிவிடலாம். இசோபே போய் விழுந்தது ஊர் சுற்றிக் காட்டும் வேலையில். அவனோடு வந்தவர்கள் இணையத்தில் அன்பாகத்தான் எழுதினார்கள். நல்ல மனிதர், மரங்களைப் பற்றி அழகாகச் சொன்னார், மரங்கள்தான் ஒன்றும் தெரியவில்லை, ஒரே மூட்டம் என்று.

இந்த வருஷம் மழைக்காலம் பேருக்குத்தான் வந்திருந்தது. அப்படியும் முந்தின நாள் அவன் கூட்டிப்போன கும்பலை மட்டும் தேடிப் பிடித்து நனைத்துவிட்டுப் போனது மழை. அன்று மாலையே முதலாளியம்மா குரமோதோ அவனைக் கூப்பிட்டு உட்காரவைத்தாள்.

"வேற வழியில்லாமத்தான் நாளைக்கு உங்களை அனுப்பறேன், இசோபே சான். வர்றவர் மட்டும் மூஞ்சியைத் தொங்கப் போட்டுக்கிட்டுத் திரும்பினார்னு வைங்க, அப்புறம் நீங்க கீழ நம்ம கடையில ஊறுகாய் பாக்கெட் வித்துக்கிட்டு உக்கார வேண்டியதுதான்."

இசோபேவுக்கு அந்த மலை என்றால் உயிர். கல்யாணம் கூட அதனால்தான் தள்ளிக்கொண்டே போனது என்று அவன் அக்கா சொல்லுவாள். ஊறுகாய் வாசனையில் மிச்ச வாழ்க்கையைக் கழிப்பதை நினைத்து அவன் ராத்திரி சரியாகத் தூங்கவில்லை.

இதில் இன்னொரு சங்கடம். கம்பெனி கொடுத்த அவனுடைய மேல்சட்டை நனைந்துபோய்க் கொடியில் சொட்டிக்கொண்டிருந்தது. அதனால் கூட வேலை பார்க்கும் பாண்டோவின் மேல்சட்டையை மாட்டிக்கொண்டு வந்திருந்தான். பாண்டோ வெயில்காரன். அவன் வெளியே கிளம்பினால் புயல்கூட வேறு வழியாகப் போய்விடும் என்பார்கள். நெஞ்சுப் பக்கம் அவன் பெயர் பெரிதாகத் தைத்திருந்தது.

குவாஜிமா அந்தப் பெயரைப் படித்தார். இசோபேவின் முகத்தைப் பார்த்தார். மறுபடியும் பெயரைப் படித்தார்.

"இசோபே சான் வருவார்னு சொன்னாங்களே."

உண்மையைச் சொல்லத்தான் இசோபே வாயைத் திறந்தான். அதற்குள் கண் அந்தக் குடைமேல் போய் விழுந்துவிட்டது.

"அவருக்குக் காய்ச்சல்ங்க. அதான் நான் வந்தேன். பாண்டோ," என்றான். அதோடு நிறுத்தியிருக்கலாம். "உங்களுக்கு நல்ல நேரம்னு வெச்சுக்குங்களேன், ஐயா. அந்த ஆள் வந்தா மழையும் கூடவே வந்துடும். நான் வெயில்காரன். இன்னிக்கு ஒரு பொட்டு ஈரம் பார்க்க மாட்டீங்க."

பெரியவர் வானத்தை அண்ணாந்து பார்த்து நீளமாக மூச்சு விட்டார்.

"அப்படியா," என்றார்.

நிம்மதிப் பெருமூச்சு என்று இசோபே கணக்குப் போட்டுக்கொண்டான். ஆனால் குடையை ஸ்டேஷனிலேயே வைத்துவிட்டு வரலாம் என்று சொன்னபோது பெரியவர் அதை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டார். நம்பிக்கை வரவில்லை, போகப்போக வரும் என்று காரை எடுத்தான்.

காரின் கண்ணாடிக்கு முன்னால் ஒரு வெள்ளைத் துணிப் பொம்மை தொங்கியது. குழந்தைகள் பள்ளிச் சுற்றுலாவுக்கு முந்தின நாள் வெயில் வேண்டி, தலை மேலே இருக்கும்படி கட்டித் தொங்கவிடுவதுதான். இசோபே தூக்கம் வராத நேரத்தில் உட்கார்ந்து பஞ்சு அடைத்துக் கட்டியது. குவாஜிமா அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு ஒரு வரைபடத்தை விரித்து மலைக்கு மேலே ஒரு குளத்தைத் தொட்டுக் காட்டினார். அங்கே இருக்கும் டிராகன் சாமி கோயிலுக்கு முதலில் போகலாமா என்று பணிவாகக் கேட்டார்.

இசோபேவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. டிராகன் சாமி தண்ணீருக்குச் சொந்தக்காரர். மழைக்காரன் ஒருவன் அவர் வீட்டு வாசலிலேயே போய் நிற்பதா? அந்தப் பாதையில் மண் சரிந்து அடைத்திருக்கிறது என்று கூசாமல் ஒரு பொய்யைச் சொல்லி, அதைவிட விசேஷமான இடம் இருக்கிறது என்று நேரே சூரிய தேவி கோயிலுக்கு வண்டியை விட்டான்.

கோயில் படிகள் செங்குத்து. ரப்பர் பூட்ஸோடு ஏறிய குவாஜிமாவுக்கு வியர்த்துக் கொட்டியது. கை கழுவி, காசு போட்டு, குனிந்து, கை தட்டி, இருவரும் பக்கத்தில் பக்கத்தில் நின்று வேண்டிக்கொண்டார்கள். இன்றைக்கு ஒரு நாள் மட்டும், தாயே, நாளைக்கு என்னை எவ்வளவு வேண்டுமானாலும் நனைத்துக்கொள் என்று இசோபே கெஞ்சினான். கண்ணைத் திறந்தால் பெரியவர் இன்னும் குனிந்தபடியே உதட்டை அசைத்துக்கொண்டிருந்தார். பேரன் பேத்திகளுக்காக இருக்கும் என்று அவன் மரியாதையாகக் காத்திருந்தான்.

வெளியே வந்தபோது வெயில் பிளந்து கட்டியது.

"பார்த்தீங்களா ஐயா, நம்ம ரெண்டு பேர் வேண்டுதலும் பலிச்சிடுச்சு," என்றான் இசோபே.

குவாஜிமா தலையை ஆட்டினார். முகத்தில் ஈயாடவில்லை.

எங்கள் ஆட்களிடம் ஒரு குணம் உண்டு. பிடிக்கவில்லை என்று முகத்துக்கு நேரே சொல்வதற்குப் பதில், நாள் முழுக்கப் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்துவிட்டுக் கடைசியில் நன்றி சொல்லிவிட்டுப் போவோம். அதனால் இந்தத் தொழிலில் இருப்பவன் வாடிக்கையாளரின் முகத்தைப் பார்த்தே எல்லாவற்றையும் ஊகிக்கவேண்டும். இசோபே ஊகித்தான். பெரியவருக்கு வெக்கை தாங்கவில்லை.

எனவே அருவிக்குக் கூட்டிப்போனான். தேவதாரு மரங்களுக்கு நடுவே, பாசி படிந்த பாறைமேல் தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது. குவாஜிமா மண்டியிட்டு இரண்டு கையாலும் தண்ணீரை அள்ளினார். விரலிடுக்கில் அது வழிந்து போவதைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"எவ்வளவு தண்ணி," என்றார். கண் கலங்கியிருந்தது.

இசோபே பதறிப்போனான். ஈரத்தைக் கண்டாலே இந்த மனிதருக்கு மழை ஞாபகம் வந்துவிடுகிறதே என்று, "இது ஊத்துத் தண்ணிதாங்க, மழையெல்லாம் இல்லை, பயப்படாதீங்க" என்று சமாதானம் சொன்னான். பெரியவர் எழுந்து காரைப் பார்க்க நடந்தார்.

அப்படியென்றால் பசியாக இருக்கும். வழியில் தெரிந்த கடையில் நிறுத்தி, சூடாக உடோன் நூடுல்ஸ் சொன்னான். கிண்ணம் வந்த பிறகுதான் எந்த ஊர் என்று விசாரித்தான். மலைக்கு அந்தப் பக்கம், இந்த மலைத் தண்ணீர் வந்து சேரும் சானுகி என்றார் பெரியவர். இசோபேவுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. உடோனுக்கே பேர்போன ஊர்க்காரருக்கு மலைக்கடை உடோனை வாங்கிக் கொடுத்திருக்கிறான். குவாஜிமா குறை சொல்லவில்லை. கிண்ணத்தைத் தூக்கி, சாறைக் கடைசித் துளி வரைக்கும் உறிஞ்சிவிட்டு, தங்கள் ஊரில் இப்போது பாதிக் கடை மூடிக் கிடப்பதாகச் சொன்னார். எல்லா இடத்திலும் வியாபாரம் மந்தம்தான் என்று இசோபே ஒத்துப் பாடினான்.

அவன் கை கழுவிவிட்டு வந்தபோது பெரியவர் ஏற்கெனவே காரில் உட்கார்ந்திருந்தார். துணிப் பொம்மை தலைகீழாகத் தொங்கியது. தலைக்குப் பஞ்சு அதிகமாகிவிட்டது போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு இசோபே அதை நேராக்கி, அழுத்தமாக இன்னொரு முடிச்சும் போட்டான்.

"மேல குளத்துப் பாதை நல்லாத்தான் இருக்காம், பாண்டோ சான்," என்றார் குவாஜிமா, ஜன்னல் வழியாக வெளியே பார்த்தபடி. "கடைக்கார அம்மா சொன்னாங்க. அவங்க காலைல அந்த வழியாத்தான் வந்தாங்களாம்."

இசோபேவின் காது சிவந்துபோனது. இனி தப்பிக்க வழியில்லை. மண்ணை அள்ளிவிட்டார்கள் போலிருக்கிறது என்று முணுமுணுத்துவிட்டு வண்டியைத் திருப்பினான்.

டிராகன் சாமி கோயில் சின்னதுதான். குளத்தங்கரையில் ஒரு வாசல் வளைவு, ஒரு மணி, அதைச் சுற்றி இருட்டிக்கொண்டு நிற்கும் மரங்கள். குவாஜிமா கயிற்றைப் பிடித்து ஆட்டிய வேகத்தில் மணி அறுந்து கையோடு வந்துவிடுமோ என்று இருந்தது. அவர் வேண்டி முடிக்கவும், ஜில்லென்று ஒரு காற்று வந்தது. இசோபேவுக்கு அந்தக் காற்றை நன்றாகத் தெரியும். மெல்லத் திரும்பிப் பார்த்தான். எதிர்ச் சிகரத்துக்குப் பின்னால் கறுப்பாக ஒரு மேகம் தலையை நீட்டிக்கொண்டிருந்தது.

போச்சு. சட்டை பாண்டோவுடையதாக இருந்தாலும் உள்ளே இருப்பது யார் என்று டிராகன் சாமி கண்டுபிடித்துவிட்டார்.

குவாஜிமாவும் மேகத்தைப் பார்த்தார். மழைக்கோட்டை எடுத்துப் போட்டுக் கழுத்து வரைக்கும் பொத்தான் மாட்டிக்கொண்டார். கோயில் படியில் வசதியாக உட்கார்ந்தார். காலையிலிருந்து முதல் முறையாகச் சிரித்தார்.

"இங்கயே கொஞ்ச நேரம் உக்காரலாமே," என்றார்.

இசோபேவின் மனசு உருகிவிட்டது. நனையப் போகிறோம் என்று தெரிந்தும், வழிகாட்டி சங்கடப்படக் கூடாதே என்று சிரிக்கிறார் மனிதர். இப்படிப்பட்டவரை நனையவிட்டால் தனக்கு ஊறுகாய்க் கடை சரியான தண்டனைதான் என்று தோன்றியது. பெரியவரின் பையையும் குடையையும் பிடுங்கிக்கொண்டு, தன்னை நம்பி வரச் சொல்லி, கையைப் பிடித்து இழுக்காத குறையாகக் காருக்குக் கூட்டிவந்தான். தூரத்தில் இடி உருண்டது.

"மெதுவாவே போகலாம், பாண்டோ சான். நனைஞ்சா நனைஞ்சிட்டுப் போறோம்."

"உங்களை நனையவிட்டா நான் மனுஷனாங்க ஐயா?" என்று இசோபே ஆக்ஸிலரேட்டரை மிதித்தான்.

அந்த மலையில் அவனுக்குத் தெரியாத பாதை இல்லை. மேகம் வந்த திசைக்கு நேர் எதிராக, மரம் வெட்டுகிறவர்கள் போகும் குறுக்கு வழியில் புகுந்து, முகட்டைத் தாண்டினான். முதல் துளி கண்ணாடியில் விழுவதற்குள் அந்தப் பக்கம் இறங்கிவிட்டான். பின் கண்ணாடியில் பார்த்தபோது குவாஜிமா முழுசாகத் திரும்பி உட்கார்ந்து, சிறுத்துக்கொண்டே போன மேகத்தைக் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார். ஊருக்குப் போகிறவர்களை வழியனுப்புகிற முகம்.

கீழே கடல் தெரியும் ஒரு மேட்டில் வண்டியை நிறுத்தினான். தீவுகள் ஒவ்வொன்றாக எண்ணலாம் போல அவ்வளவு தெளிவு. இத்தனை வருஷத்தில் இசோபே இந்த மேட்டுக்கு எத்தனையோ பேரைக் கூட்டிவந்து, வெள்ளை மூட்டத்தைக் கையால் காட்டி, அந்த இடத்தில்தான் கடல் இருக்கிறது என்று சொல்லியிருக்கிறான். இன்றைக்குத்தான் கடலையே காட்டினான். அவனுக்குக் குரல் தழுதழுத்துவிட்டது. தீவுகளின் பெயர்களைச் சொல்லும்போது இரண்டு தடவை நிறுத்தவேண்டியிருந்தது. அவ்வளவு சந்தோஷமாக இருந்தது அவனுக்கு. குவாஜிமா கொளுத்துகிற வெயிலில் மழைக்கோட்டைக் கழற்றாமலேயே நின்று எல்லாவற்றையும் பார்த்தார். கடைசி வரைக்கும் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை.

சாயங்காலம் ஸ்டேஷனுக்குத் திரும்பியபோது, வாசலில் ஒரு குட்டி லாரி நின்றது. பெரியவரின் மனைவி அவரைக் கூட்டிப்போக வந்திருந்தார். அவர் காலிலும் ரப்பர் பூட்ஸ், கையிலும் குடை. குடும்பமே முன்ஜாக்கிரதைக்காரர்கள் என்று இசோபே மனசுக்குள் மெச்சிக்கொண்டான்.

குவாஜிமா அவனுக்கு முன்னால் இடுப்பு வரைக்கும் குனிந்து, நாள் முழுக்க நன்றாகக் கவனித்துக்கொண்டதற்கு நன்றி சொன்னார். இசோபேவும் குனிந்தான். ஊறுகாய்க் கடை கண்ணுக்கெட்டாத தூரத்துக்குப் போய்விட்டது. குரமோதோ அம்மாவுக்கு இவர்களே ஃபோன் செய்து இரண்டு வார்த்தை நல்லதாகச் சொன்னால் நன்றாக இருக்குமே என்று ஆசை வந்தது. அதனால் அந்த அம்மாள் பக்கம் திரும்பி, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, தானாகவே எடுத்துக் கொடுத்தான்.

"ஒரு சொட்டுகூட விழலைம்மா."

அந்த அம்மாள் கணவரின் மழைக்கோட்டைத் தடவிப் பார்த்தார். காய்ந்து மொடமொடத்தது. இசோபேவின் நெஞ்சில் தைத்திருந்த பெயரைப் படித்தார். பிறகு கணவரிடம் திரும்பி, தாழ்ந்த குரலில் சொன்னார்.

"நட்ட வயல் பாளம் பாளமா வெடிச்சுக் கிடக்குதேன்னு ஊரே கூடி, அந்த மழைக்கார இசோபேதான் வேணும்னு கால்ல விழாத குறையா கேட்டோம், கடைசில இந்த வெயில்காரரைக் கொண்டாந்து நம்ம தலையில கட்டிட்டாங்களே."