கிணற்றில் குதித்த கணுக்கால்

2025 மார்ச் 9, ஞாயிறு. காலை ஐந்து பத்துக்கு எழுந்தேன். மாடித் தொட்டியில் தண்ணீர் அளவு பார்த்தேன். வாரத்துக்கான ஐந்து சட்டைகளையும் தேய்த்து மடித்தேன். ஒன்பதே காலுக்குத் திருக்கோகர்ணத்துச் சிறிய மண்டபம் ஒன்றில், பன்னிரண்டடி ஃப்ளெக்ஸை மட்டம் பார்த்துக் கட்டினேன். அன்றைக்குக் கோணாமல் நடந்தது அது ஒன்றுதான்.

நடிகை செண்பகவல்லிக்குப் பாராட்டு விழா. தோழி வேடங்களிலேயே காலம் தள்ளியவருக்குக் கிடைத்த ஒரே பெரிய வேடம் ஒரு பேய். அந்தப் படம் எங்கள் ஊரில் நான்கு நாள் ஓடியது. (ஓடியது என்பது மரியாதைக்கு.) பல வருடம் கழித்து இணையத்தில் அதைக் கண்டெடுத்த இளைஞர்கள், இன்று அதன் வசனங்களை மந்திரம் போல ஒப்பிக்கிறார்கள். புதுக்கோட்டையில் இந்தப் பக்தர்கள் பதினான்கு பேர். ஐம்பது வயதில் நான்தான் மூத்தவன். தப்பே வராது என்று என்னைச் செயலாளராக்கியிருந்தார்கள்.

அறந்தாங்கியில் மகள் வீட்டில் இருந்த செண்பகவல்லியை அழைத்தபோது, ஒன்றே ஒன்று கேட்டார். "துபாய்லேருந்து மாப்பிள்ளை லீவுல வந்திருக்காருங்க. படம் முழுக்க முடிதான் தெரியுது, அது நீங்கதான்னு என்ன சாட்சின்னு சிரிக்கிறாரு. அவரையும் கூட்டிட்டு வாரேன். கொஞ்சம் நல்லபடியா சொல்லுங்க."

நல்லபடியாகச் சொல்வதற்கென்றே, பேய் கிணற்றில் குதிக்கும் காட்சியை நாற்பது முறை நிறுத்தி நிறுத்திப் பார்த்து, ஒரு நொடியைத் தேர்ந்தெடுத்து ஃப்ளெக்ஸில் போட்டிருந்தேன். மேடையில் குச்சி வைத்து விளக்கவும் செய்தேன்.

"அந்தக் கணுக்காலைக் கவனியுங்கள். ஒரு பெண்ணின் மொத்தத் துயரமும் அந்த எலும்பில் இருக்கிறது. ஓர் ஆணால் இப்படிக் குதிக்க முடியுமா?"

கைதட்டல். முன்வரிசையில் மாப்பிள்ளை வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார். (கணுக்காலைப் பற்றி மட்டும் ஐந்து நிமிடம் பேசினேன்.)

செண்பகவல்லி மைக்கை வாங்கினார். "சார் அழகாப் பேசுனாங்க. ஆனா அது நான் இல்லீங்க. டூப்பு போட்ட ஃபைட்டர், மாரிமுத்து அண்ணன். மீசையை எடுக்க மாட்டேன்னுட்டாரு, அதான் மொகத்துல அம்புட்டு முடி."

நான் குச்சியைக் கணுக்காலிலிருந்து எடுத்தேன்.

"பேசாம இருந்திருக்கலாம். ஆனா அன்னைக்கு அவருக்கு அந்தக் கால்தான் முறிஞ்சுது. அதைப் போயி என் காலுன்னு சொல்லிக்க மனசு வரலை."

மாப்பிள்ளை கைப்பேசியை இறக்கினார். "அப்ப படத்துல நீங்க எங்கிட்டுத்தான் இருக்கீங்க, அத்தே?"

குச்சியோடு மேடையை விட்டு இறங்க நான் வழி தேடினேன்.

"சத்தம் என்னோடது, மாப்பிள்ளை."

மைக்கை மேசையில் வைத்தார். இடுப்புக்கு ஒரு கையை முட்டுக் கொடுத்துக்கொண்டு, பேய் குதிக்கும் முன் போடும் அந்த அலறலைப் போட்டார்.

சமையற்கட்டிலிருந்து இருவர் கரண்டியோடு ஓடி வந்தார்கள். வாசலில் ஓர் ஆட்டோ சவாரியை விட்டுவிட்டுக் கிளம்பியது. மாப்பிள்ளை நாற்காலியோடு மல்லாந்தார். எழுந்திருக்காமலே, "நீங்கதான் அத்தே, நீங்கதான்" என்றார். செண்பகவல்லி அந்த மேடையில் சிரித்தது அப்போதுதான்.

மூன்றாம் வரிசையில் இருந்த என் மனைவி அன்றோடு விடவில்லை. நான் எதை உறுதியாகச் சொன்னாலும், கரண்ட் பில் கடைசித் தேதியாகவே இருந்தாலும், கேட்பது ஒன்றுதான்: "கணுக்காலைப் பாத்துட்டுத்தான் சொல்றீங்களா?"

மாரிமுத்து திருச்சியில் இருக்கிறார் என்று செண்பகவல்லி முகவரி கொடுத்திருந்தார். விழாவுக்கு மறுநாள் காலை முதல் வேலையாக, ஃப்ளெக்ஸ் கடை திறக்கும் முன்பே வாசலில் நின்றேன்.

"படம் தப்பாமே சார், மாத்திருவமா?" என்றார் கடைக்காரர்.

"படம் சரியாத்தாங்க இருக்கு. பேரை மட்டும் மாத்துங்க" என்றேன்.