ஒல்லாந்தரும் ஓர் ஆட்டுக்குட்டியும்

உலகத்தில் இருக்கிற தமிழர்களையெல்லாம் ஒரு மைதானத்தில் கூட்டி வைத்து, ‘செத்து முந்நூறு வருடமான ஒரு டச்சுக்காரருக்காக அடிபிடிக்குப் போகத் தயாரானவர்கள் கை தூக்குங்கள்’ என்று கேட்டால், ஒரேயொரு கைதான் மேலே வரும். அது எங்கள் ஒல்லாந்தருடைய கை.

தொண்ணூறுகளில் கனடாவில், ஸ்காபரோவில் நாங்கள் மூன்று பேர் ஓர் அப்பார்ட்மென்டைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தோம். மெத்தை செய்யும் தொழிற்சாலையில் வேலை பார்த்த சிவம் அண்ணை ஒருவர். டோனட் கடையில் கோப்பி ஊற்றிக்கொண்டு, மிச்ச நேரத்தில் கவிதை எழுதி இலவசப் பத்திரிகைகளுக்கு அனுப்பித் தொந்தரவு கொடுத்துக்கொண்டிருந்த நான் இன்னொருவன். மூன்றாமவர் பல்கலைக்கழகத்தில் லத்தீன் ஆராய்ச்சி செய்த ஒல்லாந்தர். வாய் திறந்தால் டச்சுக்காரரின் ஒல்லாந்து தேசத்துக் கதைதான் என்பதால் அந்தப் பெயர். அம்மா அப்பா வைத்த பெயரை நாங்கள் மறந்தே போனோம்.

இங்கே கணக்குப் படிக்க வந்த மனிதர் அவர். முதல் வின்டரில் குளிர் தாங்காமல் நூலகத்தில் சூடு நன்றாக வரும் மூலையைத் தேடியிருக்கிறார். அந்த மூலையில் இருந்தவை பழைய லத்தீன் புத்தகங்கள். பனி கரைந்து எல்லோரும் வெளியே வந்தார்கள். இவர் வரவில்லை.

அங்கேதான் அவருக்கு அந்த டச்சுக்காரர் அகப்பட்டார். ‘எங்கட பெரியவர்’ என்றுதான் சொல்லுவார். அந்தக் காலத்து ஐரோப்பாவில் படித்தவன் எந்த நாட்டுக்காரனாக இருந்தாலும் லத்தீனில்தான் எழுதுவானாம். ஆகையால் ஒரு நாட்டில் இருந்துகொண்டு இன்னொரு நாட்டுக்காரனைத் திட்டுவதில் சிரமமே இருக்கவில்லை. ஒரு பழங்கவிதையில் ஓர் இடையன் தோளில் எதையோ சுமந்துகொண்டு ஆற்றங்கரைக்குப் போகிறான். எதை என்று சொல்லும் இடத்தைப் பூச்சி அரித்துவிட்டது. பெரியவர் ‘குடம்’ என்றார். ஜெர்மனியில் ஒரு பேராசிரியர் ‘ஆட்டுக்குட்டி’ என்றார். அவ்வளவுதான். சாகும்வரை இரண்டு பேரும் புத்தகம் புத்தகமாக எழுதி ஒருவர் மானத்தை மற்றவர் வாங்கினார்கள். ஒல்லாந்தரின் ஆராய்ச்சி முழுவதும் இந்தச் சண்டையைப் பற்றியது. நானும் சிவம் அண்ணையும் ஆட்டுக்குட்டிக் கட்சி. அவரைக் கிண்டுவதற்கு அது வசதியாக இருந்தது.

மேல்மாடி பேபி அன்ரி ஒரு நாள் லிப்டில் அவரைப் பிடித்துக்கொண்டார்.

“தம்பி, உங்கட பெரியவருக்குக் கண் தெரியாதாம், ஒருத்தரும் எட்டிப் பாக்கிறேல்லையாம் எண்டு கதைச்சுக்கொண்டு போனீர். ஒல்லாந்தில தனிய விட்டிட்டோ வந்தனீர்?”

“அன்ரி, அவர் மோசம் போய் முந்நூறு வருசம்.”

“ஐயோ, எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லையே!”

இதே பேபி அன்ரி ஒரு பழைய கார் வாங்கினார். றிச்மண்ட் ஹில் பிள்ளையாரிடம் கொண்டுபோய்ப் பூசை செய்து, சக்கரத்துக்கு அடியில் தேசிக்காய் நசித்து எல்லாம் முடித்த பிறகும் மனம் ஆறவில்லை. லத்தீன் தெரிந்தவர் கட்டாயம் பாதிச் சாமியாராகத்தான் இருப்பார் என்பது அவருடைய முடிவு. “லத்தீனிலயும் ரெண்டு வரி சொல்லிவிடும் தம்பி. ஒரு பக்கத்தாலயும் குறை இருக்கக் கூடாது.” தான் சைவம் என்று ஒல்லாந்தர் சொல்லிப் பார்த்தார். எடுபடவில்லை. கார் நிறுத்துமிடத்தில் நின்று, எஞ்சின் மூடிமேல் கை வைத்து, கணீரென்று ஒரு பந்தி சொன்னார். அன்ரி கண்ணை மூடிக் கேட்டு உருகிப்போனார். கடைசியில் தானாகவே ‘ஆமென்’ என்றும் சொன்னார்.

வீட்டுக்கு வந்ததும் அர்த்தம் கேட்டேன். “பெரியவர் அந்த ஜெர்மன்காரனுக்கு எழுதினது ஐசே. ‘பன்றியிட்டப் பாடம் கேட்ட கழுதையே, உன்ர மூளையைத் தேடிப் போன எலியும் பட்டினியாத் திரும்பி வந்தது.’ எனக்கு மனப்பாடமா வாறது உது மட்டும்தான்.” அந்தக் கார் எந்த வின்டரிலும் ஒரு நாள்கூட மக்கர் பண்ணியதில்லை.

இப்படிக் கணீரென்று முழங்குகிறவருக்கு ஒரு விசித்திர வியாதி இருந்தது. எதிர்த்துப் பேசினால் சிங்கம். யாராவது புகழ்ந்துவிட்டால் வாய் அடைத்துவிடும். ஆராய்ச்சியை எழுதி முடித்து, பேராசிரியர்கள் முன் நின்று பதில் சொல்லும் பரீட்சைக்குப் போனார். அவர்கள் மரியாதைக்கு ‘அருமையான வேலை’ என்று தொடங்கியிருக்கிறார்கள். மனிதர் தண்ணீர் கிளாஸைப் பார்த்தபடியே நின்றுவிட்டுத் திரும்பி வந்துவிட்டார். இன்னொரு தடவை கொடுப்போம், அதுதான் கடைசி என்று சொல்லிவிட்டார்கள். அதிலும் வாயடைத்தால் பட்டம் இல்லை. அத்தனை வருடமும் தண்ணீரில் போய்விடும்.

அந்த வாரம் அவர் சாப்பிடவில்லை. சிவம் அண்ணைதான் குசினியில் வெங்காயம் வெட்டியபடி விசாரித்தார்.

“உங்கட பெரியவற்ற காலத்தில சோதினை எப்பிடி நடந்தது?”

“நான் இப்பிடிச் சொல்லுறன் எண்டு ஒருத்தன் எழும்பி நிப்பான் அண்ணை. எதிராளியள் வந்து நாலு பக்கத்தாலயும் அடிப்பினம். அவன் நிண்டு பிடிக்க வேணும். எல்லாம் லத்தீனில.”

“பட்டிமன்றம் எண்டு சொல்லும்!” சிவம் அண்ணை கத்தியைக் கீழே வைத்தார். ஊரில் பட்டிமன்ற மேடைகளைக் கலக்கியதாகச் சொல்லிக்கொள்பவர் அவர். “இண்டையில இருந்து நான் எதிரணி. எழும்பி நில்லும்!”

அதன்பிறகு ஒவ்வொரு ஞாயிறும் எங்கள் குசினி போர்க்களம். ஒல்லாந்தர் குளிர்சாதனப் பெட்டிக்கு முன்னால் நிற்பார். சிவம் அண்ணை அகப்பையைத் தூக்கிக்கொண்டு, “குடமெண்டால் தலையில, இல்லாட்டி இடுப்பில வைப்பான். தோளில வைக்கிறது ஆட்டுக்குட்டியைத்தான்!” என்று பாய்வார். பேபி அன்ரி நடுவர். ஒல்லாந்தர் முதலில் தமிழில் கொதிப்பார், பிறகு லத்தீனுக்கு ஏறி, கடைசியில் ஆங்கிலத்தில் இறங்கி மூச்சு விடுவார். பார்க்க அழகாக இருக்கும். கீழ்வீட்டுக்காரர்கள் மட்டும் விளக்குமாற்றால் கூரையில் இடித்து எதிர்ப்புத் தெரிவித்தார்கள்.

ஒரு ஞாயிறு பட்டிமன்றம் முடிந்து களைத்திருக்கையில் என்னிடம் சொன்னார்: “அந்தக் காலத்துப் புத்தகங்களில முதல் பக்கங்களில சிநேகிதர்மாரின்ர பாட்டு இருக்கும் ஐசே. எங்கட சாற்றுகவி மாதிரி. எழுதினவனைப் புகழ்ந்து ஆளுக்கு ஒண்டு பாடிக் குடுப்பினம். பெரியவற்ற கடைசிப் புத்தகத்தில ஒண்டுமில்லை. எல்லாரோடையும் கொளுவிப்போட்டார். ஒருத்தரும் மிஞ்சேல்லை.” பிறகு, “நீர் பாட்டு எழுதிறனீர்தானே. என்ர புத்தகத்துக்கு ஒரு வெண்பா தாருமன்” என்றார். எனக்கு வெண்பா வராது. இருந்தாலும் ஓம் என்றேன்.

பரீட்சை நாள் வந்தது. பார்வையாளர்கள் பின்வரிசையில் இருக்கலாம், வாய் மட்டும் திறக்கக் கூடாது. சிவம் அண்ணை தன் ஒரே கோட்டைப் போட்டுக்கொண்டு வந்தார். பேபி அன்ரி ஆட்டிறைச்சி றோல்ஸ் பொதியோடு வந்தார். ஒல்லாந்தர் முன்னால் நின்றார். தலைமை தாங்கிய பேராசிரியை, நல்ல மனுஷி, புன்னகையோடு தொடங்கினார்: “உங்கள் ஆய்வை மிகவும் ரசித்துப் படித்தோம்.”

“புகழ்ந்துபோட்டினமடா தம்பி,” என்று சிவம் அண்ணை என் காதில் சொன்னார். “கெட்டுது காரியம்.”

ஒல்லாந்தரின் முகம் வெளிறிப்போனது. அவர் தண்ணீர் கிளாஸைப் பார்க்கத் தொடங்கினார். பேராசிரியை ஆறுதலாக, அவசரம் இல்லை என்றார். இன்னொருவர், உங்கள் மொழிபெயர்ப்புகள் மிக அழகு என்று சொல்லி நிலைமையை மேலும் மோசமாக்கினார். பேபி அன்ரி பிள்ளையாரையும் மாதாவையும் மாறி மாறிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

சிவம் அண்ணை எழுந்தார். கோட்டுப் பொத்தானைப் போட்டார்.

“உங்கட பெரியவருக்குக் கண் பொட்டை! உது குடமில்லை! ஆட்டுக்குட்டி!”

மண்டபம் அதிர்ந்தது. ஒல்லாந்தர் சடாரென்று திரும்பினார். கழுத்து நரம்பு புடைத்தது.

“ஆர் சொன்னது? தண்ணி அள்ளப் போறவன் ஆட்டுக்குட்டியை ஏன் ஐயா காவிக்கொண்டு போறான்? அதுக்கு அடுத்த வரியைப் படிச்சனீங்களோ?”

அடுத்த வரியை லத்தீனில் முழங்கினார். காவலாளி ஒருவர் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தார். பேராசிரியை மட்டும் அசையவில்லை. “அந்தக் கனவான் என்ன கேட்டார்?” என்றார்.

“அதே பழைய முட்டாள்தனமான ஆட்சேபம், மேடம்,” என்றார் ஒல்லாந்தர், கொதிப்பு ஆறாமல், ஆங்கிலத்தில்.

“அதற்கே பதில் சொல்லுங்களேன்.”

சொன்னார். அப்படிச் சொன்னார். பூச்சி அரித்த இடத்தில் இருந்து தொடங்கி, பெரியவரின் ஒவ்வொரு புத்தகத்தையும் இழுத்துப் போட்டு, கேள்வி கேட்ட பேராசிரியர்கள் எல்லோரையும் சிவம் அண்ணையாக நினைத்து விளாசினார். கடைசியில், போதும், தயவுசெய்து உட்காருங்கள் என்று அவர்கள்தான் கெஞ்ச வேண்டியிருந்தது. வெளி வராந்தாவில் காத்திருந்தோம். கதவு திறந்தது. பேராசிரியை அவரை ‘டாக்டர்’ என்று கூப்பிட்டார். மனிதருக்கு மறுபடியும் வாய் அடைத்துவிட்டது. சிவம் அண்ணையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு குழந்தை மாதிரி அழுதார். நாங்களும் அழுதோம். பிறகு எல்லோரும் ஆட்டிறைச்சி றோல்ஸ் சாப்பிட்டோம். வென்றது குடம் என்றாலும் விருந்து ஆட்டுக்குட்டிதான்.

ஒல்லாந்தர் மேற்கே ஒரு சின்ன ஊரில் வேலை கிடைத்துப் போய்விட்டார். ஆய்வேட்டில் பாட்டெல்லாம் சேர்க்க விதி இடம் கொடுக்காதாம். ஆனால் தன் சொந்தப் பிரதியைக் கட்டக் கொடுக்கும்போது, தலைப்புக்கு அடுத்ததாக ஒரு வெற்றுத்தாளை வைத்துக் கட்டச் சொல்லியிருக்கிறார். தொலைபேசி அட்டை வாங்கிக் கூப்பிடும்போதெல்லாம் முதல் கேள்வி அதுதான். “ஐசே, அந்தப் பக்கம் இன்னும் வெறுமையாத்தான் கிடக்குது. எங்க என்ர வெண்பா?”

வெண்பா எனக்கு இன்றைக்கும் வராது, ஒல்லாந்தர் அண்ணை. இந்தப் பக்கத்தைப் பத்திரிகையிலிருந்து வெட்டி அங்கே ஒட்டிக்கொள்ளுங்கள்.

அது குடம்தான்.