ஜெயமணி மேல் நான் கொடுத்த மனு

ரங்கத்,
ஞாயிற்றுக்கிழமை.

அன்பு மகள் உமா மகேஸ்வரிக்கு அப்பா கோவிந்தராஜ் அநேக ஆசிகளோடு எழுதுவது. இந்தத் தீவில் நானும் மழையும் நலம். மெயின்லேண்டில் நீயும் மாப்பிள்ளையும் பிள்ளைகளும் நலமாக இருக்க வேண்டும். போனில் பேச உனக்கு நேரமில்லை என்பதால் கடிதம். இதை நடுவில் கட் பண்ண முடியாது.

நம் வேலவன் பக்த சபைக்குத் தேர்தல் முடிந்தது. நான் பன்னிரண்டு வருஷமாகச் செயலாளர் என்பது உனக்குத் தெரியும். போன தடவை நாற்பது உறுப்பினரில் எட்டுப் பேர்தான் வந்தார்கள். போலீஸ் காவல் போட்டால் ஒரு கெத்து வரும், நாலு பேர் எட்டிப் பார்ப்பார்கள் என்று மனுவோடு ஸ்டேஷனுக்குப் போனேன். இன்ஸ்பெக்டர் மலையாளி, நல்ல மனுஷன். "அரே அங்கிள், இது உங்க பிரைவேட் மாம்லா, சொந்த விவகாரம். சபை எலக்‌ஷனுக்குப் போலீஸ் எதுக்கு?" என்றார். நான் விடாமல் மூன்று நாள் நடந்தேன். கடைசியில், "ஆபத்து இருந்தாத்தான் ஆள் தர முடியும். யாரால ஆபத்து? பேரும் விலாசமும் எழுதுங்க" என்று பேப்பரை நீட்டினார். பேனாவைப் பிடிச்சுக்கிட்டு யோசிச்சுப் பார்த்தேன் உமா, இந்த ஊர்ல எனக்கு முழு விலாசம் தெரிஞ்ச ஆள் ஒருத்தன்தான். என்னை எதிர்த்து நிக்கிற உன் ஜெயமணி மாமா. எழுதிட்டேன்.

உங்கம்மா போனதுக்கப்புறம் தினம் சாயங்காலம் டீ குடிக்க நம்ம வீட்டுக்கு வர்றது அவன் மட்டும்தான். போலீஸ் அவன் கடைக்குப் போய் விசாரிச்சதிலிருந்து வரலை. பழக்க தோஷத்துல ரெண்டு டம்ளர் போட்டு ரெண்டையும் நானே குடிக்கிறேன். அவனாவது சும்மா இருந்தானா? என்னால தன் உயிருக்கு ஆபத்துன்னு பதில் மனு கொடுத்துட்டான். எழுபத்தொரு வயசு, முட்டி மடங்காது, நான் ஆபத்தாம்! தேர்தல் அன்னைக்கு ரெண்டு கான்ஸ்டபிள் வந்து ஆளுக்கொருத்தரைக் காவல் காத்தாங்க. எனக்கு வந்தவர் பெங்காலி. அன்னைக்கு முழுக்க அவர்கிட்டதான் பேசிக்கிட்டிருந்தேன், உங்கம்மாவைப் பத்திக்கூடச் சொன்னேன். பாவம், தமிழ் தெரியாது, எல்லாத்துக்கும் "ஹாங் ஜி"ன்னார். போலீஸைப் பார்த்து பஜாரே கூடிடுச்சு, உறுப்பினருங்கதான் நிறையப் பேர் பயந்து திரும்பிட்டாங்க. விழுந்தது பதிமூணு ஓட்டு. ஜெயமணிக்கு ஏழு, எனக்கு ஆறு! காலையில நான் போட்ட பொங்கலைத் தின்னுட்டு எந்தத் துரோகி அவனுக்குக் குத்தினான்னு தெரியலை. வயிறு எரியுது. மறு எண்ணிக்கை கேட்டு மனு எழுதப்போறேன், அதுக்கும் போலீஸ் காவல் கேப்பேன்.

வேலவன் உங்கள் அனைவருக்கும் குறையில்லாத ஆயுளும், அப்பாவுக்குப் பதில் எழுத அரைமணி அவகாசமும் அருளட்டும்.

இப்படிக்கு,
தோற்றுப்போன அப்பா,
கோவிந்தராஜ்.

பி.கு.: இன்றைக்கு வியாழன், கடிதம் இன்னும் தபாலில் சேரவில்லை. மறு எண்ணிக்கை வேண்டாம். அந்தத் துரோகி நான்தான். ஜெயித்தவன் பழைய செயலாளர் வீட்டுக்கு நேரில் வந்து கோயில் சாவியை வாங்கிக்கொள்வது நம் சபை வழக்கம். அவன் வந்துதானே ஆகணும்னு அவனுக்கே குத்தினேன். இன்னைக்குக் காலையில கதவைத் தட்டற சத்தம் கேட்டு, முட்டி வலியோட ஓடிப் போய்த் திறந்தேன். சாவியை வாங்கிட்டு வரச் சொல்லி அவனோட கான்ஸ்டபிளை அனுப்பியிருக்கான்.