இயற்கை அண்ணையின் கிடுகுப் படம்

லண்டனில் தமிழ்க் கல்யாணங்களைக் குழப்பியவர்களில் இயற்கை அண்ணைக்கு நிகரான ஆள் இனிப் பிறக்கப்போவதில்லை. தோர்ண்டன் ஹீத்தில் எங்கள் பக்கத்து வீடு. தொழில், வீடியோ எடுப்பது. வாயைத் திறந்தால் "இயற்கையா இருங்கோ" என்பார். அதனால் சொந்தப் பெயர் எல்லோருக்கும் மறந்துபோயிற்று.

தாலி கட்டும் நேரத்தில் மாப்பிள்ளையின் தகப்பன் பார்க்கிங்குக்காகச் சண்டை பிடித்தால் கமரா அங்கேதான் திரும்பும். மணப்பெண் சிரித்தால் நிறுத்திவிடுவார். கொட்டாவி விட்டால் கிட்டப் போவார். "தாலி எங்கை அண்ணை?" என்று ஒரு தாய் அழுதபோது, "தாலி எல்லாக் கல்யாணத்திலயும் ஒண்டுதான் பிள்ளை. இந்தக் கொட்டாவி வேறை எங்கையும் கிடைக்காது" என்றார். மெல்ல மெல்லக் கல்யாண ஓடர்கள் நின்றுபோயின.

அவருடைய கனவு வேறு. ஊரில் அன்றாடம் நடப்பதை, கூரை வேயத் தென்னோலையில் கிடுகு பின்னுவதை, துளி நடிப்பில்லாமல் எடுக்க வேண்டும். புறப்படும்போது என்னிடம், "இதுவும் சரிவராட்டி கமராவை வித்துப்போட்டு வெயர்ஹவுஸ் வேலைக்குப் போறன்" என்றார்.

யாழ்ப்பாணத்தில் ஒரு கிராமம். புவனமக்கா என்பவர் முற்றத்தில் ஊறவைத்த தென்னோலையோடு இருந்தார். கமராவைக் கண்டதும் உள்ளே ஓடி, கூறைச்சேலையும் பவுடருமாக வந்தார். அண்ணை மன்றாடிப் பழைய சேலைக்கு மாற்றவைத்தார். மறுநாள் வேலிக்குப் பின்னால் ஒளிந்து நின்று எடுத்தார். அக்கா கண்டுவிட்டார்.

"ஆரது, தம்பியோ? வெயிலுக்கை நிண்டு என்ன செய்யிறாய்? உள்ளை வா!"

ஓலை கீழே போயிற்று, உட்காரக் கதிரை வந்தது. வீட்டுக்கு ஆள் வந்திருக்கும்போது தன் பாட்டில் பின்னிக்கொண்டிருக்க யாருக்கு மனம் வரும்? அண்ணை அங்கே போன நாளெல்லாம் இதே கதைதான். ஒரு கிடுகுகூட முடியவில்லை. இதில் படத்தை வெட்டி ஒட்டுவது பொய் என்பது வேறு அண்ணையின் கொள்கை.

லண்டனுக்குத் திரும்பி, அந்தப் படத்தை அப்படியே லூயிஷாமில் ஒரு மண்டபத்தில் போட்டார். லைட் அணைந்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

திரையில் புவனமக்கா நிமிர்ந்து எங்களைப் பார்த்தார். "மெலிஞ்சுபோனாய் தம்பி. லண்டனில சோறு தாறேல்லையோ?" மண்டபம் சிரித்தது. "இரு, தேத்தண்ணி கொண்டுவாறன்" என்று போய்விட்டார்.

கமரா அப்படியே நின்றது. பாதி பின்னிய கிடுகு. ஒரு கோழி அதன்மேல் ஏறி இறங்கியது. ஓலையில் வெயில் மெதுவாக நகர்ந்தது. குசினிக்குள் கரண்டிச் சத்தம். யாரும் போனை எடுக்கவில்லை, யாரும் இருமவில்லை. நான் எங்கே இருக்கிறேன் என்பதே எனக்கு மறந்துபோயிற்று. மண்டபத்தைப் பூட்ட வந்த வெள்ளைக்காரருக்குத் தமிழ் ஒரு சொல்லும் தெரியாது. அவர் குனிந்து, "அந்த அம்மா திரும்பி வருவாரா?" என்று ஆங்கிலத்தில் என்னிடம் குசுகுசுத்தார்.

வந்தார். தேநீரை எங்கள் பக்கமாக நீட்டினார். முன்வரிசையில் ஒரு பெரியவர் வாங்கக் கையை நீட்டிவிட்டு, வெட்கப்பட்டு இழுத்துக்கொண்டார்.

"இன்னொருக்காப் போடுங்கோ அண்ணை!" என்று பின்னாலிருந்து யாரோ கத்தினார்கள். கமரா விலைபோகாமல் தப்பியது. அப்போதுதான் அண்ணை என் கையை விட்டார். நான் விடவில்லை.