முயல் 'ஆகவே' என்றதும்

குழந்தைகள் தொலைக்காட்சிக்கு எழுதுகிறவர் என்று ஓர் இனம் உண்டு. கண்டுபிடிப்பது சுலபம். பல் வைத்தியரிடம் போனால் பல்லின் சார்பில் இவரே கீச்சுக்குரலில் அழுவார். மனைவியோடு சண்டை என்றால் ஒரே வசனத்தை மூன்று தடவை சொல்லி, மூன்றாவது தடவை கையும் தட்டுவார். அந்த அம்மாள் எப்படிக் காலம் தள்ளுகிறாள் என்கிறீர்களா? அவள் நாலாவது தடவைக்குக் காத்திருப்பதில்லை.

நம்மவர் எறும்புக்கு இரண்டு வரி எழுதி வேலையில் சேர்ந்து, தவளைக்குப் பாட்டெழுதித் தேறி, பதினோரு வருஷமாக முயல் பொம்மைக்கே வசனம் எழுதுகிறார். அலுவலகத்தில் பெயரே முயல் மாமா. எந்தக் கதையானாலும் கடைசியில் முயல் காதை நிமிர்த்தி, "ஆகவே குட்டிகளே..." என்று இரண்டு நிமிஷம் புத்தி சொல்லும். அந்த இரண்டு நிமிஷம்தான் அவருடைய உயிர்.

தயாரிப்பாளர் அம்மாள் அந்த உயிரில் கை வைத்தார். "வெள்ளிக்கிழமை இருபது பிள்ளைங்களுக்குப் போட்டுக் காட்டுவோம் சார். கடைசிவரைக்கும் உக்காந்தா முயல் இருக்கும். இல்லன்னா பொம்மையப் பெட்டியில வச்சிடலாம்."

கம்பளம் விரித்த அறை, செருப்பெல்லாம் வாசலில். பிள்ளைகள் சிரித்தார்கள், உருண்டார்கள். முயல் மாமாவுக்குக் கண் கலங்கியது. முயல் காதை நிமிர்த்தி, "ஆகவே..." என்றது.

இருபது பேரும் எழுந்து வாசலுக்கு நடந்தார்கள். முதல் ஆள் அவருடைய மகள்.

"எங்கடி போற? இன்னும் முடியலையே."

"முடிஞ்சிடுச்சுப்பா. முயல் ஆகவேன்னா செருப்பு போட்டுக்கணும். எல்லாருக்கும் தெரியுமே."

கெஞ்சிக் கூத்தாடி ஒரு வாரம் தவணை வாங்கினார். பல்லைக் கடித்துக்கொண்டு, 'ஆகவே'யை வெட்டி எறிந்து, முயல் கேக்கைத் திருடித் தின்று, மாட்டிக்கொள்ளாமல் ஏப்பம் விடுவதாக எழுதினார். ஏப்பம் முடிந்தும் ஒரு பிள்ளை அசையவில்லை. "இன்னொரு தடவை போடுங்க" என்று ஒரே கூச்சல். முயல் பிழைத்தது.

பூரித்துப்போன முயல் மாமா மகளைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். "பாத்தியா கண்ணு? ஆகவே, இதுலேருந்து நாம என்ன கத்துக்கிட்டோம்னா..."

மகள் மடியிலிருந்து நழுவி வாசலுக்குப் போய்விட்டாள்.

சிரிக்கிறீர்கள். நல்லது. நேற்றுச் சாப்பாட்டு மேசையில், "அதனாலதான் சொல்றேன்" என்று நீங்கள் ஆரம்பித்தீர்களே, அப்போது எதிரே இருந்தவரின் கால் மேசைக்கடியில் எதையோ துழாவியதே, கவனித்தீர்களா? ஆகவே, வாசகரே...

அட, எங்கே எழுந்துவிட்டீர்கள்?